கதவைச் சாத்தும் காட்சி

நான் நடித்த படங்கள் எதுவும் நாமக்கல் தியேட்டரில் ஓடியதில்லை. எல்லாம் சிரிப்புப் படங்கள்தான். ஆனால் பாட்டும் சண்டையும் இருக்காது. ஆட்கள் நம்மைப் போலச் சும்மா நிற்பார்கள், நடப்பார்கள். முதல் படம் தொண்ணூற்றெட்டிலோ அதற்கு அடுத்த வருஷமோ எங்கள் மலையில், அரியூர் நாட்டில் எடுத்தது. நாலு பேர் முன்னால் வாய் திறக்காத என்னை எதற்குக் கூப்பிட்டார்கள் என்று அப்போது விளங்கவில்லை. நான் தரையைப் பார்த்துப் பேசுவதே இயக்குநருக்குச் சிரிப்பாக இருந்ததாம்.

கதையில் ஒருவன் மலையேறி வந்து வீடு வீடாகக் குக்கர் விற்கிறான். உச்சி வெயிலில் எங்கள் வாசலுக்கு வருவான். நான் ஒன்றும் வேண்டாம் என்று கதவைச் சாத்த வேண்டும். அவ்வளவுதான் என் வேலை.

அதுதான் வரவில்லை. நடிகர் வாசலில் நின்றதுமே, "வாங்க, கை கழுவுங்க" என்று வாயில் வந்துவிட்டது. மறுபடி எடுத்தார்கள், மறுபடியும் அதேதான். பிலிம் கொஞ்சம்தான் மிச்சம். கீழேயிருந்து வேறு யாரையாவது கூட்டி வரலாமா என்று இயக்குநர் கேமராக்காரரிடம் மெதுவாகக் கேட்டது என் காதில் விழுந்தது. சரி, போகட்டும் என்று விட எனக்கு மனசில்லை. நடிக்க ஆசை வந்துவிட்டிருந்தது. ஆனால் வேலியோரம் ஊரே நின்று பார்த்தது. பசி நேரத்தில் வந்தவனை விரட்டிய வீடு என்று பேர் வந்துவிட்டால் என்ன செய்வது?

மிளகு காயப்போட்டுக்கொண்டிருந்த என் வீட்டுக்காரர் திரும்பாமலே சொன்னார்: "சாத்திப்போட்டு மறுக்காத் தொறந்துக்க. கதவு நம்முளுதுதான?"

அடுத்த தடவை, "ஒண்ணும் வேண்டாமுங்க" என்று சொல்லிக் கதவைச் சாத்திவிட்டேன். வெளியே ஒரு சத்தமும் இல்லை. முடிந்தது என்று நினைத்து, அவித்து வைத்திருந்த மரவள்ளிக் கிழங்கைத் தட்டில் எடுத்துக்கொண்டு கதவைத் திறந்தேன். கேமரா இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. நடிகர் குக்கரைக் கக்கத்தில் இடுக்கியபடி அங்கேயே நின்றார்.

"தின்னுட்டுப் போங்க. குக்கருதான் வேண்டாம்."

அவர் உட்கார்ந்து தின்றார். அதை அப்படியே படத்தில் வைத்துவிட்டார்கள். அப்புறம் நடித்த படங்களிலும் எனக்கென்று ஒரு கதவு இருக்கும்.

எங்கள் ஊர்ப் பள்ளிக்கூடத்தில் வேட்டியைத் திரையாகக் கட்டி அந்த முதல் படத்தைப் போட்டார்கள். முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு கடைசியில் உட்கார்ந்திருந்தேன். சென்னையில் கதவைச் சாத்தும்போதே சிரித்தார்களாம். இங்கே ஒருவரும் சிரிக்கவில்லை. "சோத்து நேரத்துல இப்படியா பண்ணுவா?" என்று என் நாத்தனார் முணுமுணுத்தது மட்டும் கேட்டது. கதவு திறந்து தட்டு வெளியே வந்த பிறகுதான் ஊர் சிரித்தது. நானும் முந்தானையை எடுத்தேன்.