விளாங்குடி வீட்டு ஊமைப்படம்

விளாங்குடி பக்கம் கேமரா மாட்ட வேண்டுமென்றால் சோணையைத்தான் கூப்பிடுவார்கள். கை சுத்தம், வேலை சுத்தம். வாய்தான் சும்மா இருக்காது. போன வீட்டுக் கதையையெல்லாம் தங்கை பாண்டிச்செல்வி வீட்டில் சொல்லிச் சிரித்தால்தான் மனுஷனுக்குச் சோறு இறங்கும்.

ஸ்யாமளா டீச்சர் வீட்டில், மகள் கல்யாணத்துக்கு வாங்கிய நகை போய்விட்டது. ஹாலில் கேமரா மாட்டியவர் என்று, பதிவைப் போட்டுக் காட்டச் சோணையைப் போலீஸ் கூப்பிட்டது. வீட்டு வேலை செய்யும் ஒச்சாயி வாசலில் உட்கார்ந்திருந்தாள். அழுது அழுது குரலே போயிருந்தது.

"பீரோ சாவி சாமி படத்துக்குப் பின்னால இருக்கது இவளுக்குத்தான் தெரியும். எவன்ட்டயோ சொல்லிருக்கா. ஸ்டேஷனுக்குக் கூட்டிட்டுப் போனா தன்னால கக்கிருவா" என்றார் இன்ஸ்பெக்டர்.

"பொறுங்க சார். ஆள நான் காட்டுறேன்" என்றார் சோணை. அதற்குள் அவருக்குத் துப்பறியும் மிடுக்கு வந்துவிட்டது.

அந்தக் கேமராவில் சத்தம் பதிவாகாது. ஊமைப்படம்தான். திரையில் ஹெல்மெட் மாட்டிய ஒருவன் வந்தான். திருட வந்தவன் செருப்பை வாசலில் கழற்றிப் போட்டதைப் பார்த்து இன்ஸ்பெக்டரே சிரித்துவிட்டார். நேராகச் சாமி அலமாரிக்குப் போய்ச் சாவியை எடுத்தான். உள் அறையிலிருந்து நகையோடு திரும்பியவன், போகிற போக்கில் நின்றான். காலண்டரில் ஒரு தாளைக் கிழித்தான். அலமாரியிலிருந்த திருநீற்றை அதில் அள்ளி மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டான்.

சோணை திரைக்குப் பக்கத்தில் குனிந்தார். பாண்டிச்செல்வி மாசமாக இருக்கிறாள். அவள் புருஷன் சுடலை எந்தக் கோயிலுக்குப் போனாலும் இப்படித்தான் மடித்துக்கொண்டு வருவான். அப்பேர்ப்பட்ட மாப்பிள்ளை என்று ஊரெல்லாம் பீற்றிக்கொண்டவர் சோணை. கேமரா மாட்டியபோது பார்த்த இந்தச் சாவிக் கதையை அவள் வீட்டில் சொல்லிச் சிரித்தபோது அவனும் பக்கத்தில்தான் சாப்பிட்டுக்கொண்டிருந்தான்.

காலையில்தான் பாண்டிச்செல்வி ஒரு காலண்டர் தாளைப் பிரித்தாள். "அவுக கோயில்ல இருந்து கொண்டாந்தாக. நீயும் வச்சுக்கண்ணே" என்று அவளே பூசிவிட்டாள். தாளின் மூலையில் பச்சை மயில் இருந்தது.

சோணை சுவரைத் திரும்பிப் பார்த்தார். காலண்டரில் அதே பச்சை மயில்.

"என்னய்யா, ஆளத் தெரியுதா?"

வாசலில் ஒச்சாயி விசும்புவது கேட்டது. சோணை நாற்காலியைப் பிடித்துக்கொண்டார்.

"அந்தம்மாவ விட்ருங்க சார். இவன் என் தங்கச்சி மாப்ள. அவளுக்கு இது ஏழாம் மாசம் சார்."

சோணை நெற்றியைத் துடைத்தார். கையில் ஒட்டியது டீச்சர் வீட்டுத் திருநீறு.