மாடி ஏறாத வழக்கு

அன்று கோர்ட்டில் நான் இருந்தேன். என் மனைவியின் தம்பி இருந்தான்; ரோடு கான்ட்ராக்ட் எடுப்பவன், எல்லாம் தெரிந்தவன். எங்கள் வக்கீல் இருந்தார். நகராட்சி வக்கீல் இருந்தார், பாதித் தூக்கத்தில். மேலே, கல்கத்தாவிலிருந்து வந்த நீதிபதி.

எங்கள் தீவில், டெய்ரி ஃபார்ம் என்ற பேட்டையில் எனக்கு ஒரு டிபன் கடை. இட்லி, பூரி, சாயா. வேறு வருமானம் கிடையாது. அந்த வருடம் நகராட்சியில் லைசென்ஸைப் புதுப்பிக்க மறுத்துவிட்டார்கள். பாத்திரம் கழுவும் தண்ணீர் ரோட்டில் ஓடுகிறதாம். ஓடியது உண்மைதான். மழைத்தண்ணீரும் அதே ரோட்டில்தான் ஓடியது. அதனிடம் யாரும் லைசென்ஸ் கேட்கவில்லை.

மறுத்த ஆர்டரின் கடைசி வரியில், மேலதிகாரியிடம் அப்பீல் செய்யலாம் என்று இருந்தது. அவர் உட்காருவது அதே நகராட்சிக் கட்டடத்தின் மாடியில். மச்சினன் அதைப் படித்துச் சிரித்தான்.

“மாடிக்கா? கீழ இருக்கிறவனும் மேல இருக்கிறவனும் ஒரே கப்பல்ல வந்தவனுங்க மாமா. ஒருத்தன் கையெழுத்த இன்னொருத்தன் அடிப்பானா? கல்கத்தா ஹைகோர்ட் பெஞ்ச் இங்க வருது. நேரா ரிட் போடுவோம்.”

பக்கத்து சலூன்காரரும் தலையாட்டினார். “மாடிக்குப் போய் ஜெயிச்ச ஆள நான் பார்த்ததே இல்ல, அண்ணா.”

எங்கள் ஊர்க் கணக்கு இது. அதிகாரி மெயின்லேண்டிலிருந்து வந்தால் திருடன். நீதிபதி அங்கிருந்து வந்தால் சாமி.

நானும் அப்படித்தான் நம்பினேன். கடையைப் பூட்டினேன். மழைக்காலம் முழுக்கப் பூட்டியே கிடந்தது.

எங்கள் வழக்கைக் கூப்பிட்டார்கள். வக்கீல் எழுந்து வயிற்றுப்பாடு, அரசியல் சட்டம் என்று ஆரம்பித்தார். நீதிபதி கையைத் தூக்கினார்.

“அப்பீல் போட்டீர்களா?”

“இல்லை, மை லார்ட். ஆனால்...”

“அங்கே போய்விட்டு இங்கே வாருங்கள்.”

அவ்வளவுதான். ஒரு பூரி பொரியும் நேரம்கூட ஆகவில்லை.

வெளியே வந்து வக்கீல் கைகொடுத்தார்.

“தோக்கல அண்ணே. லிபர்ட்டி குடுத்திருக்காங்க.”

“கடையத் திறக்கவா?”

“அதுக்கில்ல. அப்பீல் போட லிபர்ட்டி.”

“அது மொதல்லயே இருந்துச்சே.”

மச்சினனுக்கு அப்போது பார்த்து ஃபோன் வந்தது. பேசிக்கொண்டே நடையைக் கட்டினான்.

மறுநாள் அப்பீல் மனுவோடு நான் தனியாக நகராட்சி மாடி ஏறினேன். அந்த அதிகாரி ஒன்றும் தர்மராஜா இல்லை. என் மனுவைப் படிக்கவே இல்லை. கொட்டாவி விட்டார்.

“பானி கா பிராப்ளம்?”

ஆமாம், தண்ணீர்ப் பிரச்சினைதான் என்றேன். கீழே இருப்பவரைக் கூப்பிட்டார். “குழி தோண்டட்டும். லைசென்ஸ் தே தோ.” கொடுத்துவிடு என்றதும் கீழே இருப்பவர் மூஞ்சியைச் சுளித்தார். கையெழுத்துப் போட்டார்.

கொல்லையில் குழி தோண்டிக் கல் நிரப்பினேன். தண்ணீர் அதில் இறங்கியது. கடை திறந்த அன்று மச்சினன் முதல் ஆளாக வந்து பூரி தின்றான்.

“ரிட் போட்டோம்ல, பயந்துட்டானுங்க மாமா.”

காசை வாங்கிக் கல்லாவில் போட்டேன். இன்றும் சலூனில் உட்கார்ந்து அதையேதான் சொல்கிறான். கேட்பவர்கள் அடுத்த பெஞ்ச் எப்போது வரும் என்று விசாரிக்கிறார்கள்.

மறு வருடம் புதுப்பிக்கப் போனபோது மாடி கிளார்க்கிடம் கேட்டேன்.

“போன வருஷம் மொத்தம் எத்தன பேர் அப்பீல் போட்டாங்க, சார்?”

அவர் எதையும் புரட்டிப் பார்க்கவில்லை.

“ஒன்னு.”