மாடியறையில் வைத்த இரும்புச் சட்டி

வத்சன் தம்பியை அவனுடைய சொந்த வீட்டிலிருந்து துரத்தியவன் நான்தான்.

கதிர், நீ அப்போது சின்னவன். ஹவுஸ் ஓனர் சாருக்கும் அவர் மகனுக்கும் ஏதோ சண்டை என்றுதான் உன்னிடம் சொல்லி வைத்திருக்கிறோம். கயல், உனக்குத் தெரியும். நீ என் முதுகுக்குப் பின்னால் நின்றுகொண்டிருந்தாய்... நான் சொன்னதை உன் காதால் கேட்டாய். அதன் பிறகு இன்றுவரை அதைப் பற்றி நீ ஒரு வார்த்தை கேட்டதில்லை. கேட்டிருந்தால் எனக்குக் கொஞ்சம் மூச்சு வந்திருக்கும்!

நான் பத்தாவதோடு நின்றவன். கோவையாக எழுத வராது. வந்தவரைக்கும் எழுதுகிறேன். படிக்கும்போது அப்பாவுக்காகச் சமாதானம் தேடாதீர்கள்.

இந்த மயிலாப்பூர் வீட்டுக்கு நாம் வந்ததே ஒரு பொய்யில்தான். கயலுக்குப் பள்ளிக்கூடத்தில் இடம் கிடைத்துவிட்டது. பக்கத்தில் வீடு வேண்டும். போன இடத்தில் எல்லாம் முதல் கேள்வி ஒன்றே ஒன்றுதான்: "நீங்க வெஜிடேரியனா?" உண்மையைச் சொல்லிச் சொல்லி, ஏறிய படிகளை எல்லாம் இறங்கினோம். கடைசியில் இந்தச் சார் கேட்டபோது, "ஆமா சார், முட்டை கூடத் தொட மாட்டோம்" என்றேன். உங்கள் அம்மா என்னைத் திரும்பிப் பார்த்தாள். அவள் முகத்தை நான் பார்க்கவில்லை.

அந்த ஒரு 'ஆமா சார்' எங்களை எப்படி மாற்றிவிட்டது, தெரியுமா? என் வாயிலிருந்த 'இன்னா'வை விட்டேன். 'கீது'வை விட்டேன். ஞாயிற்றுக்கிழமை உங்கள் அத்தை வீட்டில் சாப்பிட்டுவிட்டு, கை மோந்து பார்த்து, திரும்பக் கழுவி, பிறகுதான் கேட்டைத் திறப்போம். ஸ்கூலில் யாராவது கேட்டால் சாம்பார் சாதம் என்று சொல் என்று கயலுக்குச் சொல்லிக் கொடுத்தோம். பிள்ளைக்கு அ, ஆ சொல்லிக் கொடுப்பதைப் போல, பொய்யைச் சொல்லிக் கொடுத்தோம்!

சாரின் ஒரே மகன் வத்சன். பெருங்குடியில் கம்ப்யூட்டர் வேலை. அவர்கள் கீழே, நாம் முதல் மாடி; நம் போர்ஷனுக்கு மேலே மொட்டைமாடி அறையில் உட்கார்ந்து பாதி நாள் வேலை செய்வான். என்னை அண்ணா என்றுதான் கூப்பிடுவான்.

ஒருநாள் ராயப்பேட்டைப் பக்கம் ஒரு பிரியாணிக் கடையில் நுழைந்தேன். எதிர் மேசையில் அவன்! கையில் ஒரு லெக் பீஸ். நான் திரும்பி ஓடப் பார்த்தேன்.

"அண்ணா, ஓடாதீங்கோ. ஓடினா நான்தான் பயப்படணும்."

"தம்பி... அது வந்து... சும்மா, பார்சல் வாங்க..."

"யாருக்கு? வேலைக்காரம்மாக்கா?" என்று சிரித்தான். "உக்காருங்கோ. நீங்க என்னைப் பாக்கலை, நான் உங்களைப் பாக்கலை. அப்பாக்குத் தெரிஞ்சா உங்களுக்கு வீடு போகும், எனக்கு அப்பா போயிடுவார். டீலா?"

டீல் என்றேன். கை கொடுத்தோம். அவன் கையில் நெய் பிசுபிசுத்தது. அவன் அந்த வாக்கைக் காப்பாற்றினான். நான்?

அடுத்த வருஷம் கயலுக்கு ஒரு ஆசை வந்தது. அவளுடைய சிநேகிதி வீடு அடையாறில். அந்தப் பெண்ணின் அப்பா ஞாயிறு தோறும் ஸ்டேக் என்று கனமான கறித் துண்டை அப்படியே வாணலியில் வாட்டிக் கொடுப்பாராம். பூண்டு, வெண்ணெய், ஏதோ இலை எல்லாம் போட்டு. வீடியோவில் எனக்குக் காட்டினாள். "உங்க வீட்ல எப்பவும் தயிர்சாதம்தானாடி?" என்று அந்தப் பெண் கேட்டாளாம். கயல் ஆமாம் என்று சிரித்துவிட்டு வந்திருக்கிறாள். அன்று ராத்திரி சாப்பாட்டில் கை வைக்காமல் கேட்டாள்:

"ஏம்ப்பா, நம்ம வீட்ல நாமளா இருக்கவே முடியாதா?"

பதில் வராத இடத்தில்தான் தகப்பன்மார்கள் முட்டாள்தனம் செய்வார்கள் போலும்.

யோசித்துப் பார்த்தேன். குழம்பு வைத்தால் தெருவுக்கே தெரியும். மசாலா வறுக்க வேண்டும், மிக்ஸி ஓடவேண்டும், குக்கர் விசில் அடிக்கும். இதில் அது ஒன்றும் இல்லை. உப்பு, மிளகு, அவ்வளவுதான். கறியைச் சட்டியில் போடு, திருப்பு, எடு. கண்மூடித் திறப்பதற்குள் முடிந்துவிடும். மசாலா இல்லாத கறிக்கு ஏது வாசனை? இப்படிக் கணக்குப் போட்டது என் புத்தி... பாத்திரக் கடையில் இத்தனை வருஷம் நின்றும், சட்டியைப் பற்றித் தெரியாத புத்தி!

சாரும் மாமியும் ஒரு சனிக்கிழமை தாம்பரத்தில் கல்யாணத்துக்குப் போனார்கள். சாயங்காலம்தான் வருவார்கள் என்றார்கள். அவர்கள் போனபின், வீட்டிலிருந்தே வேலை செய்வதாகச் சொன்ன வத்சனும் ஆபீஸ் கிளம்பிவிட்டான். தி.நகரில் எங்கள் கடையிலிருந்து, காது லேசாக உடைந்த வார்ப்பிரும்புச் சட்டி ஒன்றைக் கழிவு விலையில் வாங்கி வைத்திருந்தேன். கறிக்கடையில் அண்டர்கட் என்கிற எலும்பில்லாத மெத்துக் கறியைக் கேட்டு, இரண்டு விரல் கனத்துக்கு வெட்டச் சொன்னேன். கடைக்காரர், "இன்னா நைனா, ஓட்டல் கீட்டல் வச்சிக்கிறியா?" என்று கிண்டல் செய்தார். ரோஸ்மேரி என்ற அந்த இலையை அடையாறு சூப்பர் மார்க்கெட்டில் தேடிப் பிடித்தேன். கிள்ளி முகர்ந்தால் தைலம் மாதிரி இருந்தது.

கயல், உனக்கு நினைவிருக்கிறதா? கறியைத் துணியால் ஒற்றி ஈரம் போக்கியது நீதான். "தண்ணி இருந்தா வேகும்ப்பா, செவக்காது" என்று எனக்குப் பாடம் எடுத்தாய். சட்டி நன்றாகக் காயட்டும், புகை வரட்டும் என்றாய். புகை வந்தது. கறியை வைத்தேன். சுர்ரென்று அது போட்ட சத்தத்தில் நீ கை தட்டினாய்! அசைக்காதே, அசைக்காதே என்றாய். திருப்பினால்... நல்ல பழுப்பு, ஓரமெல்லாம் மொறுமொறுவென்று. வெண்ணெய் போட்டேன். நசுக்கிய பூண்டும் அந்தக் குச்சி இலையும் போட்டேன். சட்டியைச் சாய்த்து, நுரைத்த வெண்ணெயைக் கரண்டியால் மேலே மேலே ஊற்றினேன். நீ என் இடுப்பைக் கட்டிக்கொண்டு நின்றாய். அந்த வீட்டில் நான் சந்தோஷமாக நின்றது அந்தச் சில நிமிஷங்கள்தான்.

அப்புறம்தான் புகையைப் பார்த்தேன். மசாலாவுக்கு மட்டும்தான் வாசனை என்று நினைத்தவன் கண் முன்னால், வெண்ணெயும் கொழுப்பும் கருகிய புகை, கூடத்தைத் தாண்டி, மாடிப்படியில் மெதுவாக இறங்கிக்கொண்டிருந்தது!

"இன்னாயா இது, கீழ போவுது பாரு! ஜன்னலத் தொற!" என்று உங்கள் அம்மா கத்தினாள்.

கேட் சத்தம். ஆட்டோ நிற்கும் சத்தம். மாமிக்குத் தலைசுற்றல் என்று கல்யாணச் சாப்பாட்டுக்குக்கூட நிற்காமல் வந்துவிட்டார்கள்.

சட்டியைக் கைப்பிடித் துணியோடு தூக்கினேன். மேலே ஓடினேன். வேறு எண்ணம் இல்லை, சத்தியமாக. வாசனை வானத்தோடு போகட்டும் என்றுதான் ஓடினேன். மொட்டைமாடியில் சுற்றிலும் பக்கத்து வீட்டு ஜன்னல்கள். வத்சனின் அறை வெறுமனே சாத்தியிருந்தது. உள்ளே நுழைந்து, அவன் காப்பி போடுகிற ஸ்டவ் மேல் சட்டியை வைத்துவிட்டு, கதவைச் சாத்திக்கொண்டு இறங்கினேன்.

சார் படியேறி வந்துகொண்டிருந்தார். மூக்கில் அங்கவஸ்திரம்.

"என்ன நாத்தம் இது? எங்கேர்ந்து வர்றது?"

என் கண் மேலே போனது. நான் ஒன்றும் சொல்லவில்லை... கண்தான் போனது. அவர் என்னைத் தாண்டி ஏறினார். கதவைத் திறந்தார். சட்டியைப் பார்த்தார். அவர் அப்படியே சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றதைப் பின்னாலேயே போன நான் பார்த்தேன்.

அந்த நேரத்தில்கூட நான் சொல்லியிருக்கலாம். வீடு போயிருக்கும். போனால் என்ன? எத்தனை வீடு மாறியவர்கள் நாம்!

அவர் சட்டியைக் காட்டி, "இது புதுசா இருக்கே. உங்க கடைச் சாமானா?" என்றார்.

"தம்பி கேட்டுச்சு சார்... நான்தான் வாங்கிக் குடுத்தேன். எதுக்குன்னு தெரியாது சார்."

எவ்வளவு சுத்தமாக வந்தது பாருங்கள்! தடுமாற்றம் இல்லை. கடையில் வாடிக்கையாளரிடம் கனம் சொல்லுவது போல வந்தது. திரும்பினால், படியில் கயல் நின்றுகொண்டிருந்தாள். அவள் விரலில் வெண்ணெய் இருந்தது.

சாயங்காலம் வத்சன் வந்தான். கூடத்தில் சாரும் மாமியும். என்னையும் கூப்பிட்டார்கள்.

"நீ மாம்சம் சாப்பிடுவியா?" சார் கேட்டது அவ்வளவுதான்.

வத்சன் அப்பாவை நேராகப் பார்த்தான். "வெளில சாப்பிடுவேம்ப்பா. பொய் சொல்ல மாட்டேன். ஆனா இந்தாத்துல நான் சமைக்கலை."

"பின்னே யார் சமைச்சா?"

அவன் என்னைப் பார்த்தான். அந்தப் பார்வையில் கோபம் இல்லை. நான் சொல்லிவிடுவேன் என்று அவன் காத்துக்கொண்டிருந்தான்! என்னைக் காட்டிக்கொடுக்க ஒரு சொல் போதும் அவனுக்கு. பிரியாணிக் கடை என்று ஒரு சொல். அதை அவன் சொல்லவில்லை. கொடுத்த வாக்கு.

"எனக்குத் தெரியாதுப்பா" என்றான்.

சார் என் பக்கம் திரும்பினார். "நீ சொல்லு. இவன்தானே சட்டி வாங்கச் சொன்னது?"

"ஆமா சார்."

இரண்டாவது தடவை சொன்னேன். முதல் தடவை பயம் என்று வைத்துக்கொள்ளுங்கள். இரண்டாவதற்கு என்ன பெயர்?

"சாப்பிட்டதைக்கூட மன்னிச்சுடுவேன். பெத்தவா முகத்தைப் பாத்துப் பொய் சொல்றான் பாரு..." என்றார் சார். வத்சன் மேலே போய் லேப்டாப் பையை எடுத்துக்கொண்டு இறங்கினான். மாமி வாசல்வரை ஓடினாள். அவன் நிற்கவில்லை.

அன்று முதல் நான் மாட்டிக்கொண்டேன். தப்பிக்க வழி இருந்தும் மாட்டிக்கொண்டேன். "நீ சுத்தமான மனுஷன்ப்பா" என்று சார் என் தோளில் கை வைக்கிறார். மாமி செய்கிற புளியோதரையில் முதல் பங்கு மேலே வருகிறது. டாக்டரிடம் போக நான். மார்க்கெட்டுக்கு நான். பல்பு மாட்ட நான். வீடு மாற்றலாம் என்று ஒருமுறை வாய் எடுத்தேன். "எங்களுக்கு யார் இருக்கா?" என்றாள் மாமி. அவர்களுக்கு யாரும் இல்லாமல் செய்தது யார்?

போன மாதம் சார் வழுக்கி விழுந்தபோது, மாமி என்னைத் தனியாகக் கூப்பிட்டு வத்சனைப் பார்த்துவிட்டு வரச் சொன்னாள். பாலவாக்கத்தில் தனி வீடு எடுத்து இருக்கிறான். போனேன். காப்பி கொடுத்தான். அப்பாவைப் பற்றி விசாரித்தான்.

"தம்பி, ஒரே ஒரு தடவ மன்னிப்புக் கேட்டுட்டா... அப்பா மனசு எறங்கிடும்" என்றேன்.

அவன் டம்ளரைக் கீழே வைத்தான். "நான் கேக்கணுமா?"

நான் காப்பியை ஒரு வாய் குடித்தேன்.

"அண்ணா, இன்னிக்குச் சொல்லப் போறீங்கன்னு நினைச்சேன். வண்டிச் சத்தம் கேட்டதும் அப்படித்தான் நினைச்சேன். நீங்க... என்னையே மன்னிப்புக் கேக்கச் சொல்ல வந்திருக்கீங்க!"

"புள்ளைங்க படிப்பு, தம்பி..."

"தெரியும். போங்கோ."

திரும்பி வந்து மாமியிடம், "தம்பிக்கு வேலை அதிகமாம், மாமி" என்றேன். அதுவும் சுத்தமாகத்தான் வந்தது.

நேற்று சாருக்கு மாத்திரை கொடுக்கக் கயலும் நானும் கீழே போனோம். கட்டிலில் உட்கார்ந்துகொண்டு அவர் சொன்னார்: "எனக்கு ஏதாவது ஆனா அவனுக்குச் சொல்ல வேண்டாம். அவன் வரப்படாது. நீ பக்கத்துல இருந்தாப் போறும். சத்தியம் பண்ணு."

மாமி சுவரோரம் நின்று அழுதாள். நான் கயலைப் பார்த்தேன்.

ஆம், உன்னைத்தான் பார்த்தேன் மகளே. உனக்குப் பதினான்கு வயது. நீ சொல்லிவிடுவாய் என்று ஒரு கணம் நம்பினேன். என்னால் முடியாததை என் பிள்ளை செய்துவிடும், நான் தலை குனிந்து நின்றுவிட்டால் போதும் என்று... எவ்வளவு கேவலமான ஆசை அது!

நீ தண்ணீர் டம்ளரை அவர் கையில் கொடுத்தாய். "குடிங்க தாத்தா" என்றாய். உன் குரலில் தடுமாற்றமே இல்லை.

சார் நீட்டிய கையில் நான் கை வைத்தேன்.