பனி ஹாக்கிக்காரருக்கு ஒரு பாராட்டு விழா

எங்கள் ஹாக்கிக் கிளப்பில் பந்துக்குப் பஞ்சம் வந்ததுண்டு. பொன்னாடைக்குப் பஞ்சம் வந்ததே இல்லை. தொண்ணூறுகளில் பாளையங்கோட்டையில் எங்கள் மைதானத்து ஓரமாகக் கொஞ்சம் வெள்ளைச் சட்டையோடு யார் நடந்துபோனாலும் பிடித்து நிறுத்திப் போர்த்திவிடுவோம். தாசில்தார் வந்தபோது போர்த்தினோம். மாற்றலாகிப் போனபோதும் போர்த்தினோம். அவர் இடத்துக்கு வந்தவரை மட்டும் சும்மா விடலாமா? அவருக்கும் போர்த்தினோம்.

நான் அந்தக் கிளப்பின் கோல் கீப்பர். காலுக்கு யாரோ கழித்துப்போட்ட கிரிக்கெட் பேடு, கைக்குக் கிழிந்த கையுறை, முகத்துக்குக் கடவுள் துணை. தரையோ சரளைக்கல் கலந்த செம்மண். உருண்டு வருகிற பந்து ஒரு கல்லில் பட்டால் போதும், மூக்கைப் பார்த்து எழும்பும். எனக்குப் பயம். ஒரு ஹெல்மெட் வாங்கித் தாருங்கள் என்று கிளப் செயலாளரான பாத்திரக்கடை அண்ணாச்சியிடம் கேட்டேன்.

"ஆம்பளப் பயலுக்கு எதுக்குலே ஹெல்மெட்டு? நெஞ்ச நிமித்தி நில்லு. பந்தே பயந்து ஓடிரும்" என்றார்.

ஊரான் வீட்டு நெய்யே, என் பெண்டாட்டி கையே என்பார்களே, அந்தக் கதைதான். அடிபடப் போவது என் முகம், வீரம் அவருடையது. அண்ணாச்சி பிறந்ததிலிருந்து மட்டை பிடித்ததில்லை. கடையில் ஒரு தூக்குச்சட்டி உருண்டு விழுந்தாலே காதைப் பொத்திக்கொள்கிற மனிதர்.

அந்த வருடம் இறுதிப் போட்டியில் எங்களுக்கு எதிரே கோவில்பட்டிக்காரர்கள். அவர்களில் ஒருவன் பெனால்டி கார்னர் அடித்தால் சத்தம் கேட்கும், பந்து தெரியாது. அதை நினைத்து எனக்குச் சோறு இறங்காமல் இருந்த வாரத்தில்தான் அந்த அமெரிக்கப் பெரியவர் வந்து சேர்ந்தார். அவருடைய மகள் இங்கே ஒரு கல்லூரியில் சில மாதங்கள் பாடம் நடத்த வந்திருந்தார். பெரியவர் சாயங்காலங்களில் எங்கள் ஆட்டத்தைப் பார்க்க வருவார். வயது எண்பதைத் தாண்டியிருந்தது. அந்தக் காலத்தில் பனிக்கட்டி மேல் ஹாக்கி ஆடியவர், அதுவும் கோல் கீப்பர் என்று தெரிந்ததும் அண்ணாச்சிக்குக் கை அரிக்கத் தொடங்கிவிட்டது. இறுதிப் போட்டிக்கு முந்தின நாள் பாராட்டு விழா. எனக்கு ஓரளவு இங்கிலீஷ் வரும் என்பதால் மொழிபெயர்ப்பு என் தலையில் விழுந்தது.

தலைமையுரை, முன்னிலையுரை, வாழ்த்துரை எல்லாம் முடிவதற்குள், பனியில் வளர்ந்த மனிதரைப் பங்குனிப் புழுக்கத்தில் பொன்னாடைகளுக்குள் வைத்து இட்லி மாதிரி அவித்துவிட்டோம். கடைசியில் அவரைப் பேச விட்டார்கள்.

சிறு வயதில் குளிர்காலத்தில் உறைந்த ஏரியில் பனிக்கட்டி அறுக்கும் கூலி வேலை பார்த்தாராம். ஆட்டம் பழகியதும் அந்த ஏரியிலேயேதான். நான் அப்படியே சொன்னேன். அண்ணாச்சி மைக்கைப் பிடுங்கி, "ஏரியவே ரெண்டா அறுத்தவரு!" என்றார். கைதட்டல்.

அப்புறம் மில் வேலை. மில் முதலாளிதான் அணிக்கும் முதலாளி. மாற்று கீப்பர் கிடையாது, முகமூடியும் கிடையாது. முகம் கிழிந்தால் ஆட்டத்தை நிறுத்தி, தையல் போட்டு, மறுபடி கொண்டுவந்து நிறுத்துவார்களாம்.

"கேட்டுக்கோங்க! முகமூடி போடாத சிங்கம்!" என்று அண்ணாச்சி குதித்தார். என் பக்கம் திரும்பி, "ஏலே, நீயும் கேட்டுக்கோ" என்றார். அதைச் சொன்னதே நான்தானே!

எதற்குக் கைதட்டுகிறார்கள் என்று பெரியவர் என்னிடம் கேட்டார். உங்கள் துணிச்சலுக்கு என்றேன். அவருக்கு வந்ததே கோபம்! துணிச்சலாவது மண்ணாங்கட்டியாவது, முதலாளி வாங்கித் தரவில்லை, அவ்வளவுதான் என்றார். ஒவ்வொரு ஆட்டத்துக்கும் முன்னால் பயத்தில் வாந்தி எடுப்பாராம். கடைசியில் ஒரு கண் போயிற்று. கண் போன கீப்பருக்கு மில்லிலும் வேலை இல்லை என்று அனுப்பிவிட்டார்கள். மிச்சக் காலமெல்லாம் பால் வண்டி ஓட்டிப் பிழைத்திருக்கிறார்.

"என்னலே சொல்லுதாரு? நல்லதா நாலு வார்த்த எடுத்து விடு" என்றார் அண்ணாச்சி.

நான் ஒன்று விடாமல் மைக்கில் சொன்னேன். "ஒவ்வொரு நாளும் பயமா இருந்துச்சாம் அண்ணாச்சி. வாந்தி எடுத்தாராம். ஒரு கண்ணும் போச்சாம்."

"இவருக்கா பயம்?"

"அவருக்கும்தான். எனக்கும்தான்."

கூட்டம் சிரித்தது. எவனோ விசில் அடித்தான். அண்ணாச்சி முகம் செத்துப்போயிற்று. "கண்ணு போச்சா? ரெண்டும் முழுசா முழிச்சுக்கிட்டுல்லா இருக்கு! பயந்தாங்கொள்ளி, உன் பயத்த அவரு தலையில கட்டுதியால?" என்றார்.

அண்ணாச்சி என்ன சொல்கிறார் என்று பெரியவர் கேட்டார். சொன்னேன். பெரியவர் தலையைக் கவிழ்த்தார், இடது கண்ணில் விரலை வைத்தார், கழற்றினார், அண்ணாச்சியின் உள்ளங்கையில் வைத்தார்.

நீலக் கண்ணாடிக் கண். அண்ணாச்சி கோயிலில் பிரசாதம் வாங்குகிற மாதிரி இரண்டு கையையும் ஏந்தியபடி நின்றார். மூடவும் முடியவில்லை, கீழே போடவும் முடியவில்லை. "எம்மா! ஏலே, எடுலே, பைய எடு" என்று என்னிடம் கெஞ்சினார். நான் எதற்கு எடுக்க வேண்டும்? நன்றாகப் பார்க்கட்டும் என்று கையைக் கட்டிக்கொண்டு நின்றேன். பெரியவரே மேஜையில் இருந்த கலர் சோடாவை மெதுவாகக் குடித்து முடித்து, கண்ணை வாங்கி மாட்டிக்கொண்டார்.

அன்றைக்கே அண்ணாச்சி கடை ஆளை மதுரைக்கு பஸ் ஏற்றினார். மறுநாள் மத்தியானம் ஹெல்மெட் வந்துவிட்டது. அளவு பெரிசு. உள்ளே துண்டைத் திணித்துப் போட்டுக்கொண்டேன்.

ஆட்டத்தில் தோற்றோம். அதை அண்ணாச்சி பல வருடம் சொல்லிக் காட்டினார், சொல்லட்டும். கோவில்பட்டிக்காரன் அடித்த ஒரு பந்து நெற்றிக்கு நேரே வந்து டங்கென்று ஹெல்மெட்டில் மோதித் தெறித்தது. அந்த நாள்வரை பந்து வரும்போதெல்லாம் நான் கண்ணை மூடிக்கொண்டுதான் நின்றேன். எங்கள் கிளப்பில் ஒருவருக்கும் அது தெரியாது. பந்து எப்படி வருகிறது என்று அன்றைக்குத்தான் முதன்முதலாகப் பார்த்தேன்.