பொருந்தாத சிறுநீரகம்

அக்கா ஆவணப்படம் எடுப்பவள். ஆஸ்பத்திரிதான் அவளுக்குப் பிறந்த வீடு. நோயாளியிடம் எதை மறைத்தார்கள், யார் சம்மதத்தை யார் வாங்கினார்கள் என்று தோண்டித் துருவுவதே பிழைப்பு. நான் ஒலிப்பதிவு செய்கிறேன். திட்டு வாங்கிக்கொள்வதும் என் வேலைதான். முன்பெல்லாம் படப்பிடிப்பு முடிந்து வீட்டுக்கு வந்ததும் அழுவாள். இப்போது சாப்பிட்டுவிட்டுத் தூங்கிவிடுகிறாள். "மனசு மரத்துப்போச்சுடி" என்பாள், ஏதோ கால் மரத்துப்போனதைச் சொல்வதுபோல.

இந்தப் படம் டாக்டர்கள் சொல்லும் பொய்களைப் பற்றியது. அதில் ஒரு பொய்யின்மேல் அவளுக்குத் தனிக் கோபம். உறுப்பு கொடுக்க வந்தவர் தனக்கு மனமில்லை என்று தனியாகச் சொன்னால், குடும்பத்திடம் டாக்டர் 'பொருந்தவில்லை' என்று சொல்லிவிடுவார். பழி யார்மேலும் விழாது. "நல்லதுக்குச் சொன்னாலும் பொய் பொய்தான்" என்று சண்டைக்கு நிற்பாள் அக்கா.

அன்று, தம்பிக்குச் சிறுநீரகம் கொடுக்கவிருந்த ஒரு தையல்காரப் பெண்ணைப் பேட்டி எடுத்தோம். "மனசாரத்தான் குடுக்கறேன்" என்று சிரித்தாள். பேட்டி முடிந்த அவசரத்தில் அவள் உடையில் குத்தியிருந்த மைக்கைக் கழற்ற மறந்துவிட்டேன். தாழ்வாரத்துக்குப் போனவளின் குரல் என் ஹெட்போனில் கேட்டது.

"பயமா இருக்கும்மா. என்னால முடியாது."

"எனக்குச் சர்க்கரை இருக்குன்னு என்னோடதை வேணாம்னுட்டாங்க. நீயும் மாட்டேன்னா தம்பி சாகட்டுமா?" என்றாள் தாய்.



பதிவானதை அக்காவுக்குப் போட்டுக் காட்டினேன். கேட்டாள். முகத்தில் ஒன்றுமே இல்லை. "அழிச்சிடு" என்றாள். பிறகு அந்தப் பெண்ணைத் தனியே அழைத்துப்போனாள்.

"மைக் ஆன்ல இருந்துச்சும்மா, கேட்டுட்டோம். மன்னிச்சிடுங்க. அழிச்சாச்சு. டாக்டரைத் தனியா பார்த்து மனசுல இருக்கறதைச் சொல்லுங்க. பொருந்தலைன்னு அவரே உங்க வீட்ல சொல்லிடுவார்."

எந்தப் பொய்யைத் தோலுரிக்கக் கிளம்பினாளோ அதையே எடுத்து நீட்டுகிறாள். எனக்குச் சுருக்கென்றது.

அந்தப் பெண் டாக்டர் அறைக்குள் போய்விட்டு வந்தாள். கொஞ்ச நேரத்தில் டாக்டர் தாயைக் கூப்பிட்டு, கடைசிப் பரிசோதனையில் பொருந்தவில்லை என்றார். மகளுக்கு அப்போதுதான் மூச்சே வந்தது. தாய் சுவரில் சாய்ந்து அழுதாள். பிறகு முகத்தைத் துடைத்துக்கொண்டு போனை எடுத்தாள்.

"சின்னவளே, உடனே கிளம்பி வா. அக்காவோடது சேரலையாம், உன்னோடதைத்தான் பாக்கணும். குழந்தையையும் தூக்கிட்டு வா."

அந்தப் பெண் நேராக என் அக்காவிடம் வந்தாள்.

"என் தங்கச்சிக்கு மாட்டேன்னு சொல்லவே வராதுங்க. இப்ப நான் என்ன பண்றது? டாக்டர் சொன்னது பொய்னு போய்ச் சொல்லிடவா?"

எத்தனையோ டாக்டர்களைக் கேள்வி கேட்டே திணறடித்தவள் அக்கா. அந்தப் பெண்ணின் கையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அழுகை வருமா என்று பார்த்தாள்போலிருக்கிறது. வரவில்லை.

"எனக்குத் தெரியலம்மா" என்றாள்.