எக்ஸ்ரே படித்த மச்சாள்

ஒரு தாய் தன் மகனின் கால் எலும்புப் படத்தை எங்கள் யன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்தபடி நின்றது இன்னும் கண்ணுக்குள் நிற்கிறது. தண்ணீரூற்றிலிருந்து பஸ் மாறி மாறி ஸ்கந்தபுரம் வந்திருந்தார். படத்தில், சண்டையில் பாய்ந்த ஷெல் துண்டு வெள்ளையாகத் தெரிந்தது. எடுக்கலாமோ டொக்டர் என்று மச்சாளிடம், என் அண்ணாவின் மனைவியிடம், கேட்டார். மச்சாள் என்னைத் திரும்பிப் பார்த்தார். குற்றவாளி நான்தானே.

அண்ணா வெளிநாட்டில் இறந்துபோனார். சண்டை நின்ற சமாதான காலத்தில் எங்கள் பக்கம் வரும் பாதை திறந்ததும் மச்சாள் தனியாக வந்து அண்ணா கட்டுவித்த வீட்டில் இருந்தார். அவர் கலாநிதிப் பட்டம் பெற்றவர்; ஆராய்ச்சி செய்து எடுக்கும் அந்தப் பட்டத்துக்கும் டொக்டர் என்றுதான் பெயர். ‘எக்ஸ்ரே படிச்ச டொக்டர்’ என்று சந்தியில் பெருமையடித்தது நான். உண்மையில் அவர் படித்தது பளிங்குகளை, அதாவது படிகங்களை. பளிங்கின் மேல் எக்ஸ்ரே பாய்ச்சி, அது சிதறும் கோணங்களைக்கொண்டு உள்ளே அணுக்கள் எப்படி அடுக்கியிருக்கின்றன என்று கணக்கிடுவது. நல்ல பளிங்கு கிடைக்காவிட்டால் தூளைத்தான் வைத்துப் பார்க்க வேண்டும். தூளில் கோடுகள் ஒன்றன்மேல் ஒன்று விழுந்து குழம்பும். அந்தக் குழப்பத்தைப் பிரித்தெடுக்க மச்சாள் கண்டுபிடித்த முறையைப் பல நாட்டு ஆய்வுகூடங்களில் பாவித்தார்களாம். இதெல்லாம் நான் பின்னாளில் வாசித்து அறிந்தது. அப்போது எனக்கு வயலும் வாய்க்காலும் போதும்.

படத்தோடு வந்த சனத்திடம் தனக்கு இது தெரியாது என்று பொறுமையாகச் சொல்லி, தேத்தண்ணி கொடுத்து, ஆஸ்பத்திரிக்கு வழி காட்டி அனுப்புவார். அவருடைய வேலையைப் பற்றி மட்டும் ஒருவரும் கேட்டதில்லை. ஒரு பின்னேரம் குசினியில் உப்பை அரைத்துக் காகிதத்தில் பரப்பி, உப்பும் பளிங்குதான் என்று எனக்குச் சொல்லத் தொடங்கினார். உது எனக்கு விளங்காது மச்சாள் என்றேன்.

“விளங்காட்டிலும் பரவாயில்லை தம்பி. கொஞ்ச நேரம் கேட்டுக்கொண்டிருங்கோ.”

அன்று வயலுக்குத் தண்ணீர் திறக்கிற நாள். நான் எழும்பிப் போய்விட்டேன். திரும்பி வந்தபோது உப்பு திரும்பத் தகரப் பேணிக்குள் போயிருந்தது. இப்போது நினைத்தாலும் என்மேல் எனக்கே பற்றிக்கொண்டு வருகிறது.

பிறகு மறுபடி சண்டை வரும், பாதையைப் பூட்டப்போகிறார்கள் என்ற கதை பரவியது. பழைய ஆய்வுகூடத்திலிருந்து திரும்பி வரச்சொல்லிக் கடிதமும் வந்தது. மச்சாளுக்குப் போக மனமில்லை. கடிதத்தை மடியில் வைத்துக்கொண்டு கதிரையில் இருந்தார். இருங்கோ என்று சொல்லி நான் ஒரு காரணம் தரமாட்டேனா என்று அவர் காத்திருந்தார் என்பது அன்று இந்த மண்டைக்குள் ஏறவில்லை.

“நான் இங்க இருக்கிறதால ஆருக்கும் பிரயோசனமிருக்கோ தம்பி?”

நானும் பெரிய மனுசன்போல, “இல்லாமல் என்ன? நீங்கள் போனால் எக்ஸ்ரே கொண்டு வாற சனம் எங்க போகும்?” என்றேன்.

மச்சாள் சிரித்தார்.

“சனம் ஆஸ்பத்திரிக்குப் போகும் தம்பி” என்று சொல்லிவிட்டு, வாறன் என்று கடிதத்துக்குப் பதில் எழுத எழும்பி உள்ளே போனார்.