முருகன் முகம் தெரிந்த நாள்

குமணன்சாவடியில் ஒரு கம்ப்யூட்டருக்குள் செத்துப்போனவர் ஒருவர் உட்கார்ந்துகொண்டு, பொழுது சாய்ந்தால் "பேசலாமா?" என்று கேட்கிறார் என்பது டீக்கடையில் கிடைத்த செய்தி. பஸ் ஸ்டாப்புக்கு வருவதற்குள் அது பெண் குரலாகிவிட்டது. நசரத்பேட்டை போய்ச் சேர்ந்தபோது தெலுங்கு பேசியது. நேரில் போய் விசாரித்ததில், குரல் இருப்பது உண்மை. ஆண் குரல், சுத்தமான தமிழ். கம்ப்யூட்டர் கன்னியப்பனுடையது.

கன்னியப்பன் கல்யாண வீடியோ எடுத்து, வெட்டி ஒட்டி, பாட்டுப் போட்டுக் கொடுப்பவர். மருந்துக்கடை மாடியில் ஒற்றை அறை. அவருடைய அப்பா கூலிக்கு நாற்று நட்ட நிலத்தில் இப்போது அடுக்குமாடிகள். அங்கே நடக்கும் வளைகாப்புகளுக்கு மகன் கேமராவோடு போகிறார். முன்னேற்றம்தான்.

கம்ப்யூட்டரில் அவர் வைத்ததெல்லாம் டெஸ்க்டாப்பில். திரையில் முருகன் படம். முருகன்மேல் மஞ்சள் மஞ்சளாய் போல்டர்கள். வேலுக்குப் பக்கத்தில் இருந்தால் அவசர வேலை. மயில்மேல் இருந்தால் பார்ட்டி இன்னும் பாட்டுச் சொல்லவில்லை. பாதத்தில் இருந்தால் முடிந்த வேலை. இந்த ஏற்பாட்டில் முருகன் முகம் மூடியே போய்விட்டது. ஒரு காது மட்டும் தெரியும். டி டிரைவ் காலியாகக் கிடந்தது. வாங்கிய சோபாவின் பிளாஸ்டிக் உறையை இன்னும் கிழிக்காத குடும்பம் அது. அந்த நல்ல இடத்தையும் அவர் திறந்து பார்த்ததே இல்லை.

வேலுக்குப் பக்கத்தில் இருந்தவர் ஞானசேகரன். மகள் ஸ்வாதியின் வரவேற்பன்று, ஐயப்பன்தாங்கல் மண்டபத்தில், கை கழுவும் இடத்துக்குப் பின்னால் கன்னியப்பனைத் தனியாகக் கூட்டிக்கொண்டு போய், மகளுக்காகக் கேமராவில் பேசினார். இரண்டே மாதத்தில் மாரடைப்பில் போய்விட்டார். அவர் பேசியது வேறு யார் போனிலும் இல்லை. கேமரா கார்டை அடுத்த முகூர்த்தத்துக்காக அழித்தாகிவிட்டது. "கல்யாண வீடியோ மெதுவா குடுங்கண்ணா, அப்பா பேசுனது மட்டும் முதல்ல வேணும்" என்று ஸ்வாதி கேட்டிருந்தாள்.

ஆயுத பூஜை வந்தது. கேமரா, லைட், கம்ப்யூட்டர் எல்லாவற்றுக்கும் சந்தனம் குங்குமம். மனைவி சாமுண்டீஸ்வரி கற்பூரத்தட்டோடு நின்றாள். திரையிலோ அப்டேட் ஓடிக்கொண்டிருந்தது. கம்ப்யூட்டரை அணைக்காதீர்கள் என்று அதுவே எழுதிக் காட்டியது.

"யோவ், நல்ல நேரம் முடியப்போவுது. ஓடிக்கினு கீற மெசினுக்கு எவனாச்சும் பொட்டு வெப்பானா? அமத்துய்யா!"

"அணைக்காதன்னு அதே சொல்லுது பாரும்மே. இன்னும் கொஞ்சந்தான் கீது."

"அது இன்னா சொல்றது? வருசம் பூரா ஒழைக்குது, இன்னிக்கி ஒரு நாளு தூங்கட்டும்."

கன்னியப்பன் சுவரில் இருந்த ஒயரைப் பிடுங்கினார். கற்பூரம் நன்றாக எரிந்தது.

மறுநாள் விஜயதசமி. தட்டினால் நீலத்திரை. அணைந்து, எழுந்து, மறுபடி நீலத்திரை. மத்தியானம் வரை குலதெய்வத்தையும் மின்வாரியத்தையும் மாறி மாறிக் கூப்பிட்டார். அந்த நேரம் பார்த்து ஸ்வாதி வந்தாள், கணவன் விக்ரமோடு. ஈரோட்டுப் பையன், ஐ.டி. கம்பெனி, உதவுகிற மனசு. உபத்திரவம் பெரும்பாலும் அந்த மனசிலிருந்துதான் ஆரம்பிக்கிறது.

"புதுசா ஓஎஸ் போட்டுட்டா பறக்கும்ணா" என்று பென்டிரைவை எடுத்தான். "சி டிரைவ் மொத்தமா அழிஞ்சிரும். உங்க பைல் எல்லாம் டி-லதானுங்களே இருக்கு?"

சி என்ன, டி என்ன, டெஸ்க்டாப் இதில் எதில் சேர்த்தி என்று கன்னியப்பனுக்குத் தெரியாது. ஸ்வாதி அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். தெரியாது என்று சொன்னால், இவரிடமா அப்பாவைக் கொடுத்து வைத்தோம் என்று நினைப்பாள். மேலும், எப்போதும் கண்ணெதிரே இருந்தவை எங்கே போய்விடும்?

"ஆமா சார். டி-லதான்" என்றார்.

விக்ரம் அழகாகச் செய்தான். தேவையில்லாத ஆப்களைத் தூக்கினான். தினமும் தானாகப் பிரதி எடுக்க ஏற்பாடு செய்தான். கன்னியப்பன் ஆசைப்பட்டாரென்று முருகனை மறுபடி திரையில் வைத்தான். முருகன் முழுசாகத் தெரிந்தார்: நெற்றி, கண், சிரிப்பு, எல்லாம். மேலே ஒரு போல்டர் இல்லை.

"டெஸ்க்டாப்புல வெச்சதெல்லாம் சி-லதானுங்ணா இருக்கும்" என்று விக்ரம் அப்புறம் சொன்னபோது அவனுக்கும் குரல் இறங்கியிருந்தது. ஸ்வாதி படியிறங்கினாள்.

கன்னியப்பன் ஹார்டு டிஸ்க்கைக் கழற்றி, மடியில் வைத்துக்கொண்டு, ஷேர் ஆட்டோவில் பூந்தமல்லி போனார். ரிப்பேர்கடைத் துலுக்கானம் கதையைக் கேட்டுவிட்டுச் சிரித்தார்.

"இன்னா நைனா, பொணத்தப் பொதச்சு அது மேலயே ஊடு கட்டிட்டு, இப்ப எயுப்பச் சொல்றியே?"

"கொஞ்சமாச்சும் வருமா அண்ணாத்தே? அந்தப் பொண்ணு அப்பன் அதுல கீறாரு."

துலுக்கானம் சிரிப்பை நிறுத்தினார். "எடுத்துப் பாக்கறேன். கெடைக்கறது உன் யோகம்."

கிடைத்தது, பெயரில்லாத துண்டுகள். யாரோ ஒருவர் வீட்டு மாலை மாற்றல், பாதிப் பந்தி, ஒரு குழந்தையின் அழுகை. எல்லாவற்றையும் ஒன்றுவிடாமல் ஓட்டிப் பார்த்ததில் ஞானசேகரன் வந்தார். சட்டைக் காலரைச் சரிசெய்துகொண்டு, "பேசலாமா தம்பி?" என்று கேட்டார். கேமராவுக்குப் பின்னாலிருந்து கன்னியப்பனின் குரல், "ஒரு நிமிசம் இருங்க சார்" என்றது. ஞானசேகரன் சரியென்று தலையாட்டினார். அத்தோடு படம் சிதறிப்போனது.

ஸ்வாதியை வரச்சொன்னார். விக்ரமோடு வந்தவள் நின்றபடியே பார்த்தாள். முடிந்ததும், "அப்புறம்?" என்றாள்.

கன்னியப்பன் விக்ரமைப் பார்த்தார். விக்ரம் போனைப் பார்த்தான்.

"அவ்ளோதாம்மா கெடச்சுது."

"அப்புறம் என்ன பேசுனாருன்னாவது சொல்லுங்க. நீங்கதானே அங்க இருந்தீங்க?"

இருந்தார். ஆனால் அந்த நேரமெல்லாம் வெளிச்சம் சரியாக விழுகிறதா என்றுதான் பார்த்துக்கொண்டிருந்தார். காதில் ஒரு வார்த்தை விழவில்லை. "யோசிச்சுச் சொல்றேம்மா" என்றார்.

இன்றைக்கும் பொழுது சாய்ந்தால் அதைப் போட்டுப் பார்க்கிறார், அடுத்த வரி ஞாபகத்துக்கு வருமா என்று. ஊர் கேட்கும் குரல் அதுதான். ஸ்வாதிக்கு இன்னும் சொல்லவில்லை. ஞானசேகரனிடம் கேட்டு வாங்கிய அந்த ஒரு நிமிடமும் அப்படியே நிற்கிறது.